செத்தவன் சம்பளம்: குடும்ப ஓய்வூதிய வழக்குகள் குறித்துச் சில வரலாற்றுக் குறிப்புகள்

1

ஓய்வூதிய விதிகளுக்குள் ஒரு வாக்கியம் கிடக்கிறது. இறந்துபோன ஊழியருக்கு ஒன்றுக்கு மேற்பட்ட விதவைகள் இருந்து, அவர்களுக்குக் குடும்ப ஓய்வூதியம் வழங்க வேண்டியிருந்தால், அதைச் சம பங்காகப் பிரித்துத் தர வேண்டும் என்பது அதன் சாரம். மத்திய அரசின் 1972-ஆம் ஆண்டு விதிகளில் 54-ஆம் விதியாகவும், தமிழக அரசின் 1978-ஆம் ஆண்டு விதிகளில் 49-ஆம் விதியாகவும் இது எழுதப்பட்டது. இதே அரசுகள்தாம் நடத்தை விதிகள் என்று வேறொன்றையும் எழுதி வைத்திருக்கின்றன. மனைவி உயிரோடிருக்க இன்னொரு திருமணம் செய்துகொள்ளும் ஊழியர்மீது ஒழுங்கு நடவடிக்கை என்கின்றன அவை. இருக்கும்போது ஒரு மனைவி, செத்தால் பல விதவைகள். இதென்ன கூத்து என்று கேட்கத் தோன்றும்.

விதி எழுதியவர்களின் கவனக்குறைவு என்று இதை ஒதுக்கிவிட முடியாது. சென்னை மாகாணத்தில் இந்துக்களுக்கு இருதார மணம் 1949-இல்தான் தடைசெய்யப்பட்டது. அதற்கு முன் இரண்டு பேரை மணந்த ஒருவர் அரசு வேலையில் இருந்து இறந்தால் இரண்டு பேருமே சட்டப்படி விதவைகள். முஸ்லிம் ஊழியருக்கு அவரது தனிச்சட்டப்படி அதே நிலைமை இன்றும் உண்டு. ஆக, 'விதவைகள்' என்ற பன்மைக்குச் சட்டத்தில் இடம் இருக்கிறது. ஆனால் அந்தப் பன்மைக்குள் யார் நுழையலாம் என்பதைத் தீர்மானிக்கும் இடத்தில்தான் அரசு, நீதிமன்றம், சாதி, ஆணாதிக்கம் எல்லாம் ஒன்றாக உட்கார்ந்திருக்கின்றன.

நடைமுறை எல்லோரும் அறிந்ததுதான். ஆள் இறந்து சில நாட்களில் இரண்டு பெண்கள் அலுவலகத்துக்கு வருகிறார்கள். ஒருத்தியிடம் கல்யாணப் பத்திரிகை இருக்கிறது. இன்னொருத்தியிடம் ரேஷன் கார்டும், பணிப் பதிவேட்டில் அவள் பெயரும் இருக்கின்றன. பொது வருங்கால வைப்பு நிதி, பணிக்கொடை, விடுப்புச் சம்பளம், மாதா மாதம் வரவேண்டிய குடும்ப ஓய்வூதியம் அத்தனையும் நிறுத்தி வைக்கப்படும். 'நாங்க என்னம்மா பண்றது, கோர்ட்டுக்குப் போய் உத்தரவு வாங்கிட்டு வாங்க' என்பார் கண்காணிப்பாளர். தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ், பூசல் இல்லாத இடத்தில் மட்டுமே செல்லுபடியாகும் காகிதம். பூசல் வந்துவிட்டால் 1925-ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின்கீழ் நீதிமன்றம் தரும் வாரிசுரிமைச் சான்று வேண்டும், அல்லது 'நான்தான் சட்டப்படியான மனைவி' என்று விளம்புகை கோரி வழக்குப் போட வேண்டும். பிறகு மேல்முறையீடு, ரிட், வருடங்கள்.

இந்த வழக்குகளை இரண்டு பெண்களின் சண்டையாகவே நாம் வாசித்துப் பழகியிருக்கிறோம். மூத்தாள் இளையாள் கதை. இந்த வாசிப்பில் மறைந்துபோகிறவர்கள் இருவர்: இரண்டு குடும்பம் வைத்துவிட்டு எந்தக் கேள்விக்கும் பதில் சொல்லாமல் செத்துப்போன ஆண், எது குடும்பம் என்று வரையறுக்கும் அரசு. ஓய்வூதியம் 'கருணை' என்பதிலிருந்து 'உரிமை' என்பதாக மாறிய வரலாறு நம் தொழிற்சங்கங்களின் பெருமிதக் கதையாடல். அந்த உரிமை உழைத்த ஆணோடு நின்றுவிட்டது. அவனுக்குப் பின் வரும் பெண்ணுக்கு அது இன்னும் கருணையாகவே, அதாவது நல்ல மனைவியாக இருந்ததற்கான மானியமாகவே நீடிக்கிறது. இந்தக் கட்டுரை சொல்ல வருவது இதைத்தான்.

2

கருணையின் கதையைத் தஞ்சாவூரிலிருந்து தொடங்கலாம். 1799 உடன்படிக்கைக்குப் பிறகு தஞ்சை மராட்டிய அரசகுலம், ஆட்சியைக் கும்பினியிடம் விட்டுவிட்டு ஆண்டுத் தொகை வாங்கிக்கொண்டு வாழ்ந்தது. 1855-இல் இரண்டாம் சிவாஜி ஆண் வாரிசின்றி இறந்தார். கும்பினி நாட்டை மட்டுமல்லாமல் அவரது சொந்தச் சொத்துகளையும் கைப்பற்றியது. மூத்த விதவை காமாட்சி பாய் சென்னையிலிருந்த உச்சநீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்து வென்றார். கும்பினி பிரிவி கவுன்சிலுக்குப் போனது. 1859-இல் தீர்ப்பு வந்தது: நடந்தது அரசுச் செயல், அதை விசாரிக்க உள்நாட்டு நீதிமன்றங்களுக்கு அதிகாரமில்லை. நியாயம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் கேட்கிற இடம் இது இல்லை என்பதுதான் அதன் பொருள்.

சொத்து பின்னர் அரசின் தயவாக விதவைகளுக்குத் திரும்பக் கிடைத்தது. கிடைத்ததும் விதவைகளுக்குள்ளேயே வழக்கு. 1868-இல் சென்னை உயர்நீதிமன்றம் சகவிதவைகளின் உரிமை பற்றித் தந்த தீர்ப்பு, இந்துச் சட்ட நூல்களில் நெடுங்காலம் மேற்கோளாக இருந்தது. இந்த வரிசையைக் கவனியுங்கள். முதலில் அரசு எடுத்துக்கொள்கிறது. பிறகு உரிமையாக அல்லாமல் தயவாகக் கொடுக்கிறது. அதற்குப் பின் பெண்கள் ஒருவர்மீது ஒருவர் வழக்குப் போடுகிறார்கள்.

1871-இல் ஓய்வூதியச் சட்டம் வந்தது. அரசு வழங்கிய ஓய்வூதியம், மானியம் சம்பந்தமான வழக்குகளை உரிமையியல் நீதிமன்றம் எடுத்துக்கொள்ளக் கூடாது என்றது அதன் 4-ஆம் பிரிவு. கலெக்டர் சான்று கொடுத்தால் மட்டும் விசாரிக்கலாம். தோற்ற அரசர்கள், நவாபுகள், இனாம்தாரர்கள் ஆகியோருக்குப் போட்ட வேலி இது. ஓய்வூதியம் என்ற சொல்லின் மீதே அந்த வேலியின் நிழல் விழுந்துவிட்டது. குமாஸ்தாவும் கடைநிலை ஊழியரும் முப்பது வருடம் உழைத்துப் பெறும் தொகையும் எஜமானனின் கொடை என்ற சொல்லாடலுக்குள் வந்தது.

3

நூறு வருடம் கழித்து அது உடைந்தது. 1971-இல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் உச்சநீதிமன்றம், ஓய்வூதியம் அரசின் விருப்பப்படி தரும் கொடை அல்ல, ஊழியரின் சொத்து என்றது. 1871-ஆம் ஆண்டுச் சட்டத்தின் தடை, அரசுக்கு நீதிப்பேராணை பிறப்பிப்பதற்குக் குறுக்கே நிற்காது என்றும் சொன்னது. 1982 டிசம்பர் 17 அன்று நகாரா வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு இன்னும் முன்னே போயிற்று. 1979 மார்ச் 31-ஐக் கோடாகக் கிழித்து, அதற்கு முன் ஓய்வு பெற்றவர்களை ஒதுக்கியது செல்லாது என்றது. ஓய்வூதியம் செய்த வேலைக்கான பலன், சமூக நீதியின் கருவி என்றெல்லாம் பேசியது. ஓய்வூதியர் சங்கங்கள் அந்த நாளை இன்றும் கொண்டாடுகின்றன. கொண்டாட வேண்டியதுதான்.

ஆனால் விதவை? 1964-க்கு முன் அவளுக்கு இருந்தது வரம்பிட்ட சில ஆண்டுகளுக்கான உதவி மட்டும். 1964 ஜனவரி 1 முதல் வந்த குடும்ப ஓய்வூதியத் திட்டம் ஆயுள் முழுக்க என்றது. அதற்கு ஊழியர் தம் பணிக்கொடையில் இரண்டு மாதச் சம்பளத்தை விட்டுக்கொடுக்க வேண்டியிருந்தது. புருஷன் விட்டுக்கொடுத்திருந்தால் விதவைக்குச் சோறு, இல்லையென்றால் இல்லை. இந்தப் பிடித்தம் 1977-இல் போனது. 1964-ஆம் ஆண்டுத் திட்டத்துக்கு வெளியே நின்ற விதவைகளுக்கு 1985-இல்தான் உச்சநீதிமன்றத்தின் மூலம் வழி பிறந்தது.

1991-இல் வந்த தீர்ப்பு நம் விவாதத்துக்கு முக்கியமானது. ரயில்வே ஊழியர் ஒருவர் இறந்துபோனார். அவரது உயிலைக் காட்டி, வரவேண்டிய பணத்தில் உரிமை கேட்டார் சகோதரர். எதிரே மனைவியும் பிள்ளைகளும். குடும்ப ஓய்வூதியம் இறந்தவரின் சொத்தில் சேராது, அதில் அவருக்கே உரிமை கிடையாது, ஆகவே அதை உயில் எழுதிக் கொடுக்க முடியாது என்றது உச்சநீதிமன்றம். மனைவியைக் காப்பாற்றிய நல்ல தீர்ப்பு. ஆனால் அதன் தர்க்கத்தைக் கொஞ்சம் நீட்டிப் பாருங்கள். ஓய்வூதியம் ஊழியரின் சொத்து. குடும்ப ஓய்வூதியம் அவருடைய சொத்து அல்ல. அப்படின்னா அது யாருடையது? விதிகள் எழுதும் அரசினுடையது. விதியில் 'குடும்பம்' என்று யாரைச் சொல்லியிருக்கிறதோ அவர்களுக்கு அரசு தருவது. உரிமை என்ற சொல் இந்த இடத்தில் சத்தமில்லாமல் இறங்கிக்கொள்கிறது, தஞ்சாவூர்த் தயவு ஏறிக்கொள்கிறது.

4

சரி, விதி சொல்லும் மனைவி யார்? சட்டப்படி மணந்தவள். சட்டப்படி என்றால்?

1953-இல் சொத்து வழக்கொன்றில் சென்னை உயர்நீதிமன்றம், சுயமரியாதைத் திருமணம் செல்லாது என்று தீர்ப்பளித்தது. புரோகிதரும் சடங்கும் வேண்டாம் என்று மேடையில் மாலை மாற்றிக்கொண்ட பெண்கள் ஒரே நாளில் மனைவி என்ற தகுதியை இழந்தார்கள். 1967-இல் அண்ணாதுரை அரசு இந்துத் திருமணச் சட்டத்தில் 7ஏ பிரிவைச் சேர்த்து, நடந்து முடிந்த சுயமரியாதைத் திருமணங்களையும் சேர்த்தே செல்லும் என்றாக்கியது. சடங்கு என்பது பண்பாட்டுப் பிரச்சினை மட்டும்தானா? ஒரு பெண்ணுக்கு நாளைக்குச் சோறு உண்டா இல்லையா என்பதும் அதில்தான் தொங்கிக்கொண்டிருந்தது.

இதே சடங்கு ஆண்களுக்கு எப்படிப் பயன்பட்டது என்பதையும் பார்க்க வேண்டும். 1965-இல் மகாராஷ்டிரத்திலிருந்து வந்த வழக்கில் உச்சநீதிமன்றம், இருதார மணக் குற்றம் நிரூபணமாக வேண்டுமானால் இரண்டாவது திருமணமும் உரிய சடங்குகளோடு நடந்திருக்க வேண்டும் என்றது. ஓமமும் ஏழடியும் நடந்ததாக நிரூபணம் இல்லை, ஆகவே அங்கே திருமணமே இல்லை, ஆகவே குற்றமும் இல்லை. ஆண் வெளியே வந்துவிட்டான். அதே மாதிரி ஒருத்தி, அவன் செத்தபின் ஓய்வூதியம் கேட்டு வந்தால் அப்போதும் பதில் 'திருமணமே இல்லை' என்பதுதான். அவள் சடங்கை நிரூபித்துவிட்டாலோ, முதல் மனைவி இருக்கும்போது நடந்ததால் அது செல்லாத திருமணம். ஒரே உறவு. ஆணைத் தண்டிக்க வரும்போது காணாமல் போகிறது, பெண்ணுக்குக் கொடுக்க வரும்போதும் காணாமல் போகிறது.

சாதி எங்கே வருகிறது என்று கேட்கலாம். தமிழ்நாட்டில் 'அறுத்துக்கட்டும்' வழக்கமுள்ள சாதிகள் ஏராளம். ஊர்ப் பஞ்சாயத்தில் தீர்த்துவிட்டுப் பெண்ணும் ஆணும் வேறு வாழ்க்கை தேடிக்கொள்வது அங்கே மானக்கேடு இல்லை. 1955-ஆம் ஆண்டுச் சட்டம்கூட, வழக்காற்றின்படியான மணமுறிவை அதன் 29-ஆம் பிரிவில் விட்டு வைத்திருக்கிறது. ஆனால் நீதிமன்றத்தில் அந்த வழக்காறு தொன்மையானது, இடைவிடாதது, திட்டவட்டமானது என்று நிரூபிக்க வேண்டும். பஞ்சாயத்தில் பேசித் தீர்த்ததற்கு ஏது ரசீது? பேசிய பெரியவர்களும் செத்திருப்பார்கள். முறிவு நிரூபணமாகாவிட்டால் அவன் பிறகு கட்டியவள் இரண்டாம் மனைவி, அதாவது யாருமில்லை. முறிக்கவே முடியாத மேல்சாதி மணத்தை அளவுகோலாக வைத்துக்கொண்டு, முறித்துக்கொள்ளும் சுதந்திரம் இருந்த சமூகங்களின் பெண்களை அளக்கிறார்கள்.

நீண்டகாலம் சேர்ந்து வாழ்ந்ததைத் திருமணமாக அனுமானிக்கலாம் என்ற கொள்கை ஒன்று உண்டு. இலங்கையிலிருந்து போன வழக்கில் பிரிவி கவுன்சில் 1927-இலேயே அதைச் சொன்னது. 1978-இல் உச்சநீதிமன்றம், ஐம்பது வருடம் சேர்ந்து வாழ்ந்த தம்பதியிடம் அரை நூற்றாண்டுக்குப் பின் சாட்சி கேட்பதா என்று அதே கொள்கையைக் கைக்கொண்டது. ஆனால் முந்தைய மனைவி உயிரோடு இருந்தால் அனுமானத்துக்கு இடமில்லை. 2023-இல் ராணுவ வீரர் ஒருவரின் வழக்கில் சிறு கதவு திறந்தது. முதல் மனைவியிடமிருந்து அவர் 1990-இல் மணமுறிவு பெற்றார், 2001-இல் இறக்கும்வரை இரண்டாமவளுடன் வாழ்ந்தார். தடை நீங்கியபின் சேர்ந்து வாழ்ந்த காலத்தைக் கணக்கில் எடுத்து அவளுக்கு ஓய்வூதியம் தரச் சொன்னது உச்சநீதிமன்றம். முதலாமவள் மணமுறிவு பெறாமல் இருந்திருந்தால் இந்தக் கதவும் இல்லை.

5

ஊழியன் தன் கையால் எழுதிக் கொடுத்த வாரிசு நியமனத்துக்கு என்ன மதிப்பு? இங்கேதான் நிறையப் பேர் ஏமாந்துபோகிறார்கள். 'எஸ்.ஆர்.ல என் பேருதான் இருக்கு' என்ற நம்பிக்கையில் பதினைந்து இருபது வருடம் ஓட்டிவிடுகிறார்கள். காப்பீட்டுப் பணம் குறித்த வழக்கில் உச்சநீதிமன்றம் 1983 கடைசியில் சொன்னது இது: நியமனதாரர் பணத்தை வாங்கிக்கொள்ளும் கை மட்டுமே, உரிமை வாரிசுகளுக்குத்தான். அங்கே நியமனம் பெற்றிருந்தது மனைவி, பங்கு கேட்டது தாயும் மகனும். காப்பீட்டில் இந்த நிலையை 2015-ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தம் நெருங்கிய உறவினர்கள் விஷயத்தில் மாற்றியது. பணிக்கொடை, வைப்பு நிதி விதிகளில் வேறொரு முடிச்சும் உண்டு. குடும்பம் இருக்கும்போது குடும்பத்துக்கு வெளியே உள்ள ஒருவரை நியமிக்க முடியாது. ஆக, சேர்ந்து வாழும் பெண்ணுக்கு ஏதாவது கிடைக்க வேண்டுமென்று நினைக்கும் ஆண், படிவத்தில் அவளை 'மனைவி' என்று எழுதுகிறான். வாழ்க்கையில் அது உண்மை, சட்டத்தில் பொய். அவன் எழுதிய அந்த ஒரு சொல்லுக்காக அவள் பிறகு நீதிமன்றத்தில் மோசடிக்காரியாக நிற்க வேண்டியிருக்கிறது.

2008-இல் நிலக்கரிச் சுரங்க ஊழியர் ஒருவரின் வழக்கில் உச்சநீதிமன்றம் நெகிழ்ந்தது. நியமனம் பெற்றிருந்த இரண்டாமவள் அவரோடு வாழ்ந்து நான்கு பிள்ளைகளை வளர்த்தவள். வாரிசுரிமைச் சான்று அவள் பெயரிலேயே இருக்கட்டும், ஐந்தில் ஒரு பங்கு முதல் மனைவிக்குப் போகட்டும் என்றது. கணக்குப் போட்டுப் பாருங்கள். ஐந்து பங்கு என்பது முதல் மனைவியும் நான்கு பிள்ளைகளும். பணத்தை வாங்கிப் பிரிக்கிறவளுக்குச் சொந்தப் பங்கு பூஜ்யம்.

பிள்ளைகள் விஷயத்தில் சட்டம் முன்னேறியிருக்கிறது, மறுப்பதற்கில்லை. 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் செல்லாத திருமணத்தில் பிறந்தவர்களையும் சட்டப்படியான பிள்ளைகள் என்றது. 2000-இல் பீகார் அதிகாரி ஒருவரின் வழக்கில் உச்சநீதிமன்றம், இரண்டாமவளின் மகன்களுக்குக் குடும்ப ஓய்வூதியத்திலும் பணிக்கொடையிலும் பங்கு தந்தது; அவளுக்கு எதுவும் இல்லை என்றது. 2023-இல் கூட்டுக் குடும்பச் சொத்தில் தந்தையின் பங்கு வரைக்கும் அந்தப் பிள்ளைகளின் உரிமை விரிந்தது. பிள்ளை சட்டத்துக்குள் வந்துவிட்டது, பெற்றவள் வெளியே நிற்கிறாள். ஆணின் வித்து என்பதால் பிள்ளைக்கு இடம். கருவறைக்கும் அடுப்படிக்கும் இடம் இல்லை.

6

சரி, சட்டப்படியான மனைவியின் பாடாவது சுகமா? குடும்ப ஓய்வூதியம் மரணம் அல்லது மறுமணம், எது முந்தியதோ அதுவரை. மறுமணம் செய்யவில்லை என்று சான்று வேறு கேட்கிறார்கள். 1856-ஆம் ஆண்டு விதவை மறுமணச் சட்டம், மறுமணம் செய்தால் பழைய புருஷனின் சொத்தை இழப்பாய் என்றது. 1956-ஆம் ஆண்டு வாரிசுரிமைச் சட்டத்துக்குப்பின் அந்த நிபந்தனை பலமிழந்தது, 1983-இல் அந்தப் பழைய சட்டமே நீக்கப்பட்டது. சொத்துச் சட்டத்திலிருந்து துரத்தப்பட்டது கருவூலத்துக்குள் வந்து உட்கார்ந்துகொண்டது. ஆறாவது ஊதியக் குழுவுக்குப்பின் மத்திய அரசு, பிள்ளையில்லாத விதவைக்கு மட்டும் வருமான வரம்போடு இதைத் தளர்த்தியது. அதிகாரம் உடல்களைக் கண்காணிப்பது பற்றி ஃபூக்கோவை மேற்கோள் காட்டி நாம் நிறைய எழுதியிருக்கிறோம். கருவூல வரிசையில் தாலியில்லாத கழுத்தோடு, இன்னமும் விதவைதான் என்று எழுதிக் கொடுக்க நிற்கும் கிழவியை அந்த மேற்கோள்களுக்குள் நாம் கொண்டுவரவில்லை.

இரண்டாமவளை அழைக்கும் சொல்லும் இருக்கிறது. 2010-இல் தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கில், 2005-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைச் சட்டத்தின் 'திருமணம் போன்ற உறவு' என்பதற்கு விளக்கம் தந்தது உச்சநீதிமன்றம். காசு கொடுத்துப் பராமரித்து, பெரிதும் பாலுறவுக்காகவோ வேலைக்காரியாகவோ வைத்திருக்கும் பெண் அதில் சேரமாட்டாள் என்றது. அவளைக் குறிக்க அது ஆண்ட ஆங்கிலச் சொல்லை 'வைப்பு' என்றுதான் தமிழில் சொல்ல முடியும். அன்றைய கூடுதல் சொலிசிட்டர் ஜெனரல் இந்திரா ஜெய்சிங் நீதிமன்றத்திலேயே அதை எதிர்த்தார். சமைத்து, துவைத்து, நோயில் மலஜலம் அள்ளியவளின் உழைப்பு அந்த வரையறையில் அவளுக்கு எதிரான சாட்சியாகிறது.

2013-இல் உச்சநீதிமன்றம், முதல் திருமணத்தை மறைத்து ஏமாற்றி மணந்தவன், ஏமாந்த அந்தப் பெண்ணுக்கு ஜீவனாம்சம் தரவேண்டும் என்றது. அவன் உயிரோடிருக்கும்வரை அவன் பையிலிருந்து எடுக்கலாம். அவன் செத்த மறுநாள் அரசின் கஜானா முன்னால் அவள் அந்நியள்.

7

இதைச் சொன்னால் பெண்ணிய நண்பர்களிடமிருந்தே ஒரு கேள்வி வரும்: இரண்டாமவளுக்குக் கொடுப்பது, கைவிடப்பட்ட முதல் மனைவியின் வயிற்றில் அடிப்பதல்லவா? நியாயமான கேள்வி. முப்பது வருடம் ஒரு பைசா பார்க்காமல் பிள்ளை வளர்த்தவளுக்கு, சட்டப்படியான மனைவி என்ற தகுதிதான் கடைசியில் கையில் இருக்கும் ஒரே ஆயுதம். குடும்ப ஓய்வூதியம் சாதாரண விகிதத்தில் கடைசிச் சம்பளத்தில் 30 சதவீதம். அதை இரண்டாக வெட்டினால் ஆளுக்குப் பதினைந்து. வறுமையைச் சமமாகப் பங்கு போடுவது நீதி ஆகாது.

ஆனால் இந்தக் கேள்வி, பணத்தின் அளவை மாறாதது என்று எடுத்துக்கொண்டு, பெண்களை மட்டும் தராசில் வைக்கிறது. அளவை முடிவு செய்த அரசைத் தராசில் ஏற்ற வேண்டாமா? முதல் மனைவியின் பங்கில் கை வைக்காமல், சேர்ந்து வாழ்ந்து சார்ந்திருந்தவளுக்குத் தனியாக ஒரு குறைந்தபட்சத் தொகை என்று கேட்கலாம். வழக்கு நடக்கும் காலமெல்லாம் இருவருக்கும் இடைக்காலத் தொகை கேட்கலாம். யாருக்குப் பணம் போகவேண்டும் என்பதை அரசே விசாரித்து முடிவு செய்யலாம் என்பது 2000-ஆம் ஆண்டுத் தீர்ப்பிலேயே இருக்கிறது. 'கோர்ட்டுக்குப் போ' என்று கைகழுவுவது சட்டத்தின் கட்டாயம் அல்ல, அலுவலகத்தின் சௌகரியம். மறுமண நிபந்தனையை எல்லா விதவைகளுக்கும் நீக்கச் சொல்லலாம்.

விதிகள் கல்லில் எழுதியவை அல்ல என்பதற்குச் சான்று உண்டு. மணமுறிவு வழக்கோ குடும்ப வன்முறை வழக்கோ நடத்திக்கொண்டிருக்கும் பெண் ஊழியர், கணவனைத் தாண்டிப் பிள்ளைகளுக்கு முதலில் ஓய்வூதியம் போகும்படி எழுதிக் கொடுக்கலாம் என்று மத்திய அரசு 2024 ஜனவரியில் மாற்றியது. சட்டப்படியான கணவன் என்ற தகுதி மட்டும் போதாது, எப்படி வாழ்ந்தான் என்றும் பார்க்கலாம் என்பதை அரசு அங்கே ஒப்புக்கொண்டுவிட்டது. அதே அளவுகோலைப் பெண்ணுக்குச் சாதகமாகவும் நீட்டு என்பதுதான் நம் கோரிக்கை.

நகாரா நாளைக் கொண்டாடும் சங்கங்களில் குடும்ப ஓய்வூதியப் பெண்கள் எத்தனை பேர் பொறுப்பில் இருக்கிறார்கள்? காகிதம் இல்லாததால் அந்தச் சங்கத்தின் வாசலுக்கே வரமுடியாத பெண்கள் எத்தனை பேர்? இந்தக் கணக்கை எடுக்கத் தொடங்குவதுதான் முதல் வேலை. மாவட்ட நீதிமன்றங்களின் பதிவறைகளில் அவர்களின் வழக்குக் கட்டுகள் கிடக்கின்றன. வரலாறு எழுதுகிறவர்களும் சங்கம் நடத்துகிறவர்களும் அங்கே சேர்ந்து போகவேண்டும்.